ஐந்தாவது ஆல்பர்ட் டெய்லர்

களஞ்சிய வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களுக்கு நாலு வார்த்தை எழுதித் தரச் சொல்லிக் கேட்டிருக்கிறார்கள். அட்டை எழுதுவது, அகரவரிசைப்படுத்துவது எல்லாம் இதில் வராது. அதையெல்லாம் உங்கள் மேசைமேல் இருக்கிற இயந்திரம் என்னைவிட நன்றாகவே செய்கிறது. அதற்கு என்னைப்போல் பாதியில் காப்பி குடிக்கப் போகும் பழக்கமும் கிடையாது. ஆனால் ஒரு பெயரைப் பார்த்ததும் "ஓ, இவரா, எனக்குத் தெரியுமே" என்று நமக்குள் ஒரு குரல் கேட்கும் பாருங்கள், அதைப் பற்றி மட்டும் சொல்கிறேன். அந்தக் குரலை நம்பி நான் பட்ட பாடு ஒரு வாரம் நீடித்தது.

எழுபதுகளின் தொடக்கம். மயிலாப்பூர் கச்சேரி சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில் மாடி வீடு. கீழே வீட்டுக்காரர் குடும்பம், மேலே மூன்று அறைகளில் நாங்கள். உலகத்தில் பெயர் பெற்றவர்களின் வாழ்க்கைக் குறிப்புகளைத் தமிழில் தொகுத்துவிடுவது என்று ஓர் அறக்கட்டளை எடுத்த காரியம். நான் தற்காலிக உதவியாசிரியர். 'தற்காலிக' என்ற சொல்லை அடிக்கக்கூடிய உத்தரவு ஆசிரியரின் மேசையில் கையெழுத்துக்காகக் காத்திருந்தது. ஆசிரியர் என்று மட்டும் சொல்கிறேன். அவருக்குப் பெயர் போட்டுக்கொள்வது பிடிக்காது. நூலின் முகப்பிலேயே போடவில்லை, நான் எதற்குப் போட வேண்டும்?

அவர் கல்லூரியில் தமிழ் நடத்தியவர். குரலை உயர்த்த மாட்டார், கோபம் வந்தால் கண்ணாடியைத் துடைப்பார். எங்களுக்கு அவர் போட்டிருந்த விதி ஒன்று, "பெரிய மனிதர் மட்டும் போதாது, உபயோகமான மனிதரும் வேண்டும்" என்பது. அதனால் ஊர் ஊராகப் பள்ளி ஆசிரியர்களுக்கும் மருத்துவர்களுக்கும் எழுதி, அவர்களுக்குத் தெரிந்த உபயோகமானவர்களைப் பற்றிச் சீட்டு எழுதி அனுப்பச் சொல்லியிருந்தோம். உள்ளங்கை அகலத்தில் ஒரு காகிதம், அதில் நாலு வரி. மூட்டை மூட்டையாக வந்தன. அவற்றைப் பிரித்து, அட்டைகளோடு சேர்த்து, பெட்டிகளில் அடுக்கிக் காப்பது சாரதாவின் வேலை. சாரதாவுக்கு என் வயதுதான், மாட வீதிப் பக்கம் வீடு. எந்தச் சீட்டும் அந்த அறையைவிட்டு வெளியே போகக் கூடாது என்று சட்டம் போட்டு, ஆசிரியரையே ஒருமுறை வாசலில் மடக்கியவர்.

ஆங்கிலப் பெயர்க்காரர்கள் எல்லாம் என் பொறுப்பு. எனக்கு ஆங்கிலம் ஓரளவு வரும், வராத இடத்தில் வந்த மாதிரி முகத்தை வைத்துக்கொள்ளவும் வரும். ஆங்கிலேயரோடு பெரிய தொல்லை என்னவென்றால், ஒரே பெயரை வைத்துக்கொண்டு பத்துப் பேர் பெரிய ஆளாகிவிடுகிறார்கள். நம் ஊரிலும் ராமசாமிகள் உண்டு. ஆனால் ஊர்ப் பெயரோ அப்பா பெயரோ முன்னால் ஒரு எழுத்தாக நின்று ஆளை அடையாளம் காட்டிவிடும். அவர்களுக்கு அந்த வசதி குறைவு. முதல் தொகுதியில், 'ஆ' வரிசையில், ஆல்பர்ட் டெய்லர் என்ற பெயரில் மட்டும் நான்கு பேர். ஒருவர் பாலங்கள் கட்டிய பொறியாளர், ஒருவர் கிரிக்கெட் ஆட்டக்காரர், ஒருவர் மலைவாழ் மக்களின் மொழிக்கு இலக்கணம் எழுதிய பாதிரியார், இன்னொருவர் சென்னையில் பல வருடம் இருந்து மலேரியா பற்றி ஆராய்ந்த டாக்டர்.

இந்த நால்வரையும் பிரிப்பதற்குள்ளேயே நான் ஒருமுறை சறுக்கினேன். பொறியாளரின் சீட்டையும் ஆட்டக்காரரின் சீட்டையும் ஒரே ஊசியில் குத்திவிட்டேன். சாரதா அட்டையைப் படித்துவிட்டு என் மேசைக்கு வந்தார்.

"சார், இந்த டெய்லர் பெரிய மனுஷர்தான் போலருக்கே."

"ஏன்?"

"செத்துப் போய் மூணு வருஷம் கழிச்சு செஞ்சுரி அடிச்சிருக்கார்."

சிரித்துத் தீர்த்தோம். அந்தச் சிரிப்போடு எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும். வரவில்லை. நால்வரையும் நன்றாகப் பிரித்துவிட்டோம், இனி ஆல்பர்ட் டெய்லர் விஷயத்தில் என்னை மிஞ்ச ஆள் இல்லை என்ற திமிர்தான் வந்தது.

அந்தச் சமயத்தில் தி.நகரிலிருந்து ஒரு சீட்டு வந்தது. அனுப்பியவர் ஒரு சிறுவர் பள்ளியின் தலைமையாசிரியை. அதில் இருந்தது இவ்வளவுதான்: 'ஆல்பர்ட் டெய்லர், மயிலாப்பூர். இளம்பிள்ளை வாதம் கண்ட குழந்தைகள் நிமிர்ந்து உட்காரத் துணிக் கச்சை வடிவமைத்தவர். எங்கள் பள்ளியில் மூன்று குழந்தைகள் இதைக் கட்டிக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்து படிக்கிறார்கள்.'

எனக்கு ஒரு நிமிடம்கூட யோசனை வரவில்லை. குழந்தைகள், வாதம், சென்னை. நம் மலேரியா டாக்டர்தான், வேறு யார்? மயிலாப்பூர் என்றால் அங்கே குடியிருந்திருப்பார். சிவப்பு மைப் பேனாவை எடுத்து, பெயருக்கு முன்னால் 'டாக்டர்' என்று எழுதி, டாக்டரின் அட்டையோடு சீட்டைக் குத்தி அனுப்பினேன். எங்கள் அலுவலகத்தில் சிவப்பு மை என்றால் ஆசிரியர் குழு திருத்தியது என்று அர்த்தம். சிவப்பு மையை யாரும் கேள்வி கேட்க மாட்டார்கள், சாரதாவைத் தவிர.

"சார், சீட்டுல டாக்டர்னு இல்லையே. நீங்கதானே எழுதியிருக்கேள்?"

"வாதம் வந்த குழந்தைக்கு வழி பண்ணினவர் டாக்டராக இல்லாமல் கொத்தனாராகவா இருப்பார்?"

"நேக்கென்னமோ சரியாப் படலை."

"சரியாகப் படவில்லை என்றால் எழுதி வையுங்கள். வாயால் சொன்னால் காற்றோடு போய்விடும்" என்றேன். எவ்வளவு அழகாகப் பேசியிருக்கிறேன் பாருங்கள். சாரதா பேசாமல் சீட்டின் ஓரத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டு வைத்துவிட்டுப் போய்விட்டார்.

இப்போது அன்றைக்கு நான் போட்டிருந்த சட்டையைப் பற்றிச் சொல்ல வேண்டும். உங்களில் பலருக்குத் தெரியாமல் இருக்கலாம். அந்த நாளில் சட்டைக் காலர் மடிப்பில் தேய்ந்து நைந்துபோனால் சட்டையை யாரும் தூக்கிப் போட மாட்டோம். தையல்கடையில் கொடுத்தால் காலரைப் பிரித்து, உள்பக்கத்தை வெளியே திருப்பித் தைத்துத் தருவார்கள். நைந்த பக்கம் கழுத்துக்கு உள்ளே போய்விடும், சட்டை இன்னும் இரண்டு வருடம் ஓடும். என் சட்டைக் காலரைத் திருப்பித் தைத்தவர் தெப்பக்குளத்துப் பக்கத்து முடுக்கில் கடை வைத்திருந்த ஆல்பர்ட். அந்தக் கடையைத் தாண்டித்தான் தினமும் அலுவலகம் போவேன். அவர் மிஷினில் காலை வைத்தபடியே தலையை ஆட்டுவார், நானும் ஆட்டுவேன். கடைப் பலகையில் பச்சை எழுத்தில் கொட்டையாக எழுதியிருக்கும்: 'ஆல்பர்ட் டெய்லர்'.

ஆங்கிலத்தில் எழுதினால் குடும்பப் பெயருக்கு நடுவில் 'ஒய்', தையல் தொழிலுக்கு 'ஐ'. தமிழில் இரண்டும் ஒன்றேதான். தமிழில் வந்த சீட்டைப் படித்து, ஆங்கிலேயன் ஒருவனை மனதில் வரைந்து, அந்தத் தமிழ்ப் பலகைக்கு எதிரே தினமும் நடந்து போன ஆள் நான் ஒருவன்தான் இருப்பேன்.

தொகுதி அச்சாகி, பைண்டிங்கும் முடிந்தது. ஞாயிற்றுக்கிழமை வெளியீட்டு விழா, மந்திரி வருகிறார். அறக்கட்டளைக்கு வேண்டிய சில பெரியவர்களுக்கு முன்கூட்டியே ஒவ்வொரு பிரதி போயிருந்தது. அதற்கு முந்தைய செவ்வாய்க்கிழமை மதியம் மாடிப்படியில் கனமான செருப்புச் சத்தம். ஆல்பர்ட் வந்து நின்றார். ஐம்பது வயது இருக்கும், மெலிந்த உடம்பு. சட்டைப் பையிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்தார். எங்கள் நூலின் அந்தப் பகுதியை யாரோ கையால் எழுதிக் கொடுத்திருந்தார்கள்.

"இன்னா சார், நான் எப்ப செத்தேன்?"

எனக்குப் புரியவில்லை. சிரித்தேன்.

"சிரிக்காத சார். டாக்டர் ஆல்பர்ட் டெய்லரு, இங்கிலாந்துல பொறந்தாரு, கொய்ந்தைங்களுக்குக் கச்சை செஞ்சாரு, செத்துப் பூட்டாருன்னு போட்டுக்கீறீங்கோ. அந்தக் கச்சைய நான்தான் சார் தச்சேன். ஆறு வருசமா தச்சிகினு கீறேன்."

"உட்காருங்கள், ஆல்பர்ட்."

"குந்தறதுக்கு வரல சார்" என்றார். ஆனாலும் உட்கார்ந்தார். "அடையாறு ஆஸ்பத்திரில கச்சைக்குன்னு ஒரு பட்டறை தொறக்குறாங்கோ. அத்தப் பாத்துக்க என்னப் போடறேன்னு டாக்டரம்மா சொல்லிகினு இருந்தாங்கோ. இங்க கட ஓனரு காலி பண்ணுன்றான். சரி, கர்த்தர் ஒரு வயி காட்டிட்டாருன்னு இருந்தேன். கமிட்டில ஒரு பெரியவரு உங்க புக்க தூக்கினு வந்து, 'இது வெள்ளக்காரன் செஞ்சது, இந்தாளு காப்பியட்ச்சிட்டு தன்னுதுன்றான், பொய் சொல்றவனயா பட்டறைல வெக்கிறது'ன்னு கேட்டுக்கீறாரு. வியாயக்கெயம கூடி முடிவு பண்றாங்கோ."

அந்தக் காகிதத்தை வாங்கிப் படித்தேன். வரிக்கு வரி நான் எழுதியதுதான்.

"வேல போனா போவுது சார். மிஷின் மிதிக்கிற காலு, எங்கியாவது பொயச்சுக்கும். என் பொண்ணு கேக்குது, 'நைனா, நீ மெய்யாலுமே வெள்ளக்காரன் கிட்ட திருடினியா'ன்னு. அதுக்கு இன்னா சொல்றது? புக்குல போட்டுக்கீதே."

அவர் தைத்த காலர் என் கழுத்தில் இருந்தது. வெட்கமாக இருந்தது என்று சொன்னால் போதாது, அந்தச் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு ஓடிவிடலாம் போல இருந்தது. பெயர் என்னை ஏமாற்றவில்லை. ஒரு தையற்காரர் களஞ்சியத்துக்குள் வருவார் என்று என் புத்திக்கு எட்டவே இல்லை. உபயோகமான மனிதர் என்று ஆசிரியர் ஆயிரம் முறை சொன்னதைக் கேட்டுத் தலையாட்டியவன், ஒரு உபயோகமான மனிதரின் சீட்டு வந்ததும் அவரைத் தூக்கி ஒரு டாக்டருக்குள் போட்டுவிட்டேன்.

சாரதா உள்ளே போய் பெட்டியிலிருந்து அந்தச் சீட்டை எடுத்துக்கொண்டு வந்து ஆசிரியர் முன்னால் வைத்தார். ஆசிரியர் படித்தார். கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார்.

"கடைசிப் பக்கத்தில் பிழைதிருத்தம் போட்டுவிடலாம் ஐயா" என்றேன் மெல்ல.

ஆல்பர்ட் என்னைப் பார்த்தார். "கமிட்டில அந்தப் பெரியவரு கடசிப் பக்கம் வரைக்கும் போவாரா சார்?"

ஆசிரியர் ஆல்பர்ட்டை அனுப்பிவிட்டு, என்னை மட்டும் கூப்பிட்டு ஒரு கடிதம் எழுதி, படித்துக்காட்டி, உறையில் போட்டுக் கொடுத்தார். மருத்துவமனைக் குழுவுக்கு. அந்தக் குறிப்பில் அச்சுப்பிழை நேர்ந்துவிட்டது, வருந்துகிறோம், கச்சையை வடிவமைத்தவர் மயிலாப்பூர் ஆல்பர்ட் என்று இரண்டு வரி. "நீங்களே வியாழக்கிழமை எடுத்துக்கொண்டு போங்கள்" என்றார். அச்சுப்பிழை என்று போட்டால் யாருக்கும் நோகாது. ஞாயிற்றுக்கிழமை விழா நடக்கும், அறக்கட்டளைக்காரர்கள் முகம் சுளிக்க மாட்டார்கள், என் உத்தரவிலும் கையெழுத்து விழும். அவர் எனக்காகத்தான் அப்படி எழுதினார் என்று எனக்குத் தெரியும்.

நல்லவன் மாதிரி உங்களிடம் கதை சொல்ல எனக்கு ஆசைதான். ஆனால் அந்தக் கடிதத்தை நான் மறுபேச்சுப் பேசாமல் வாங்கிப் பையில் வைத்துக்கொண்டேன். அப்பாடா என்றுகூட இருந்தது. அச்சுக்கோத்தவர் நான் எழுதியதை ஓர் எழுத்துப் பிசகாமல் கோத்திருந்தார். ஊருக்கு இளைத்தவன் பிள்ளையார் கோயில் ஆண்டி என்பதுபோல எங்கள் தொழிலில் எல்லாருக்கும் இளைத்தவர் அவர்தான்.

புதன்கிழமை சாயங்காலம் நான் கிளம்பும்போது சாரதா வந்தார். கையில் அந்தச் சீட்டு. கடிதத்தில் என்ன இருக்கிறது என்று அவரிடம் சொல்லியிருந்தேன்.

"கடுதாசியைக் காட்டினா நம்ப மாட்டா சார். அச்சுப்பிழைன்னா ஒரு எழுத்து மாறும், ரெண்டு எழுத்து மாறும். ஒரு மனுஷரே மாறுவாரா? இதைக் காட்டுங்கோ."

"சீட்டு வெளியே போகக் கூடாதே?"

"நான்தானே சட்டம் போட்டேன். திரும்பி வந்துடும்னு கையெழுத்துப் போட்டுட்டு எடுத்துண்டு போங்கோ." ஒரு நோட்டைப் பிரித்து நீட்டினார். அந்த நோட்டில் இருந்த ஒரே பதிவு அதுதான்.

சீட்டை வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். நீல மையில் தலைமையாசிரியையின் எழுத்து. அதற்கு முன்னால் சிவப்பில் என் 'டாக்டர்'. ஓரத்தில் பென்சில் கேள்விக்குறி. யார் பிழை, எப்போது பிழை, யார் எச்சரித்தார் எல்லாம் அந்த உள்ளங்கை அகலத்தில் இருந்தது. அதைக் காட்டினால் ஆல்பர்ட் தப்பித்துவிடுவார், நான் மாட்டிக்கொள்வேன்.

வியாழக்கிழமை காலையில் இருவரும் பஸ் ஏறினோம். ஆல்பர்ட்டின் மஞ்சள் பையில் ஒரு கச்சை. ராஜா அண்ணாமலைபுரம் தாண்டும்வரை அவர் அந்தப் பையை மடியில் இறுக்கிப் பிடித்திருந்தார். பிறகு, "சார், நீ பயந்துகினு கீறியா?" என்றார். ஆமாம் என்றேன். "நானுந்தான்" என்றார். அதற்குப் பிறகு இருவருக்கும் கொஞ்சம் தேவலையாக இருந்தது.

குழுவில் ஐந்து பேர். பேசியவர்கள் இரண்டு பேர்தான். தலைவர் அந்த டாக்டரம்மா, நரைத்த தலை, வெள்ளைப் புடவை. இன்னொருவர் எங்கள் நூலைக் கையில் வைத்திருந்த பெரியவர். கெட்டவர் இல்லை. புத்தகத்தை மதிக்கிறவர், அவ்வளவுதான். நம் புத்தகத்தை அந்த அளவுக்கு மதித்த ஆளை நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை.

"அச்சில் இருக்கிறதே" என்று அந்தப் பக்கத்தைத் தட்டினார். "இதற்கு மேல் என்ன வேண்டும்?"

"அதை எழுதியவன் நான்தான்" என்றேன். "தப்பாக எழுதிவிட்டேன்."

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அன்றைக்கு நீங்கள் எழுதினதை நம்பித்தான் இப்படி நிற்கிறேன். இன்றைக்கு நீங்கள் சொல்வதை மட்டும் எப்படி நம்பச் சொல்கிறீர்கள்?"

நியாயமான கேள்வி. இன்றுவரை இந்தத் தொழிலில் என்னை யாரும் கேட்ட கேள்விகளில் இதைவிட நியாயமானது இல்லை. பையில் ஆசிரியரின் கடிதம் இருந்தது. கை அதைத்தான் தொட்டது. தொட்ட கையை எடுத்து, சட்டைப் பையிலிருந்து சீட்டை வெளியே எடுத்து அவர் முன்னால் வைத்தேன்.

"என்னை நம்ப வேண்டாம், இதைப் பாருங்கள். எங்களுக்கு வந்தது இந்த நீல எழுத்து மட்டும்தான். இதில் டாக்டர் இல்லை. சிவப்பு எழுத்து என்னுடையது. நானாகச் சேர்த்தது. மலேரியா டாக்டருக்கும் கச்சைக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை, இந்தச் சீட்டைத் தவிர வேறு ஆதாரமும் இல்லை. ஓரத்தில் இருக்கிற கேள்விக்குறி என்னோடு வேலை செய்பவர் போட்டது. அவர் கேட்டார், நான் கேட்கவில்லை."

பெரியவர் சீட்டைத் தூரமாகப் பிடித்துப் படித்தார், பிறகு கிட்டே வைத்துப் படித்தார். டாக்டரம்மா ஆல்பர்ட் பக்கம் திரும்பினார்.

"ஆல்பர்ட், அந்தக் கச்சையை எடுங்க. இதில் இடது தோள் வார் அகலமா இருக்கு, வலது குறுகலா இருக்கு. பட்டறை வர்ற வரைக்கும் வார்டுல நாங்களே இதைப் பார்த்து எல்லாத்தையும் அப்படியேதான் வச்சுத் தைக்கிறோம். ஏன் அப்படி?"

ஆல்பர்ட் கச்சையைப் பையிலிருந்து எடுத்து மடியில் விரித்தார். அதுவரை தரையைப் பார்த்துக்கொண்டிருந்தவர் நிமிர்ந்தார்.

"அல்லாத்துக்கும் அப்டித் தைக்கக் கூடாதும்மா. மொத மொதல்ல எங்க தெருவுல பால்காரன் கொய்ந்தைக்குத் தச்சேன். அதுக்கு ஒடம்பு இடது பக்கமா சாயும். சாயுற பக்கம் வார் அகலமா இருந்தாதான் தோளு அறுக்காது. வலது பக்கம் சாயுற கொய்ந்தைக்கு மாத்தித் தைக்கணும். அளவு எடுக்காம ஒரே மேரி தச்சா கொய்ந்த அய்வும். அத்தச் சொல்றதுக்குத்தான் பட்டறைக்கு வரேன்னேன்."

டாக்டரம்மா மேசை மணியை அடித்து, வார்டில் யாரெல்லாம் கச்சை கட்டியிருக்கிறார்கள் என்று பட்டியல் கொண்டுவரச் சொன்னார். பெரியவர் எங்கள் நூலை மூடினார். எழுந்து ஆல்பர்ட்டின் பக்கத்தில் வந்து, "மன்னிக்கணும்" என்றார். தையற்காரரிடம் அப்படிச் சொல்ல அவருக்குப் பழக்கமில்லை என்று பார்த்தாலே தெரிந்தது. ஆனாலும் சொன்னார். அடுத்த மாதம் முதல் பட்டறைக்கு வரும்படி ஆல்பர்ட்டுக்கு அங்கேயே எழுதிக் கொடுத்தார்கள்.

நான் திரும்பி வந்து ஆசிரியரிடம் அவருடைய கடிதத்தை உறை பிரிக்காமல் கொடுத்தேன். நடந்ததைச் சொன்னேன். கண்ணாடியைத் துடைத்தார்.

"சீட்டையே காட்டிவிட்டீர்களா?"

"ஆமாம் ஐயா."

"நான் எழுதித் தந்தது சரியில்லை" என்றார். அவ்வளவு பெரிய மனிதர் தற்காலிக உதவியாசிரியனிடம் அப்படிச் சொல்வார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. "சரி, கடைசிப் பக்கத்துத் திருத்தத்தை எவன் படிக்கிறான்? நானே படிப்பதில்லை. அந்தத் தாளை எடுத்துவிட்டு வேறு தாள் ஒட்டிவிடலாம்."

பைண்டிங் வேலை பார்த்த பாய் தலையில் கை வைத்துக்கொண்டார். மூன்று தலைமுறையாக மயிலாப்பூரில் புத்தகம் கட்டுகிற குடும்பம். "இன்னா ஐயா, கட்டி முட்ச்ச புக்க கியிக்கச் சொல்றீங்கோ? அட்டகூட இன்னும் காயல!" என்றார். ஆனால் செய்தார். ஒவ்வொரு பிரதியிலும் அந்த ஒரு தாளை ஓரத்தில் விரலகலம் விட்டு நறுக்கி, அந்த ஓரத்தில் புதுத் தாளை ஒட்ட வேண்டும். வெள்ளியும் சனியும் எங்கள் மாடி முழுக்கப் பசை வாசனை. ஆசிரியர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தரையில் உட்கார்ந்து அளவுகோலைப் பிடித்தார். ஆல்பர்ட்டும் கடையைச் சாத்திவிட்டு வந்து சேர்ந்துகொண்டார். நாங்கள் ஒரு தாள் நறுக்குவதற்குள் அவர் கத்தரி மூன்று தாளை முடித்தது. பாய் அவரைப் பார்த்து, "நீ இந்தப் பக்கம் வந்துரு நைனா, துணியில இன்னா கீது" என்று தமாஷ் பண்ணினார்.

புதுத் தாளில் என்ன தலைப்புச் சொல் போடுவது என்பதில் ஆசிரியருக்கும் ஆல்பர்ட்டுக்கும் ஒரு சின்ன வாக்குவாதம். டெய்லர் என்பது அவருடைய பெயர் இல்லையே, ஆங்கிலச் சொல் வேறு, 'ஆல்பர்ட் (தையற்கலைஞர்)' என்று போடலாம் என்றார் ஆசிரியர். ஆல்பர்ட் ஒத்துக்கொள்ளவில்லை.

"ஐயா, அந்த நாலு பேருக்கும் டெய்லர்னு பேரு அப்பன் குடுத்தது. எனக்கு இந்தக் கை குடுத்தது. அத்த எடுக்காதீங்கோ."

ஆசிரியர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு அவரைப் பார்த்தார். பிறகு சிரித்துக்கொண்டே எழுதினார்: 'ஆல்பர்ட் டெய்லர் (5)'. ஒரே பெயர்க்காரர்களைப் பிறந்த ஆண்டு வரிசையில் போடுவது எங்கள் வழக்கம். அதனால் அவர் ஐந்தாவது.

ஞாயிற்றுக்கிழமை விழா நடந்தது. மந்திரி நிறையப் பேசினார், நூலைப் பற்றித் தவிர. ஆல்பர்ட் கஞ்சி போட்ட சட்டையில் மகளோடு மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தார். முடிந்ததும் ஒரு பிரதியை அவர் கையில் கொடுத்தேன். மகள்தான் முதலில் அந்தப் பக்கத்தைத் தேடி எடுத்தாள். வாய்விட்டு இரண்டு முறை படித்தாள். "நைனா, நீ இங்கிலாந்துல பொறக்கல" என்றாள். ஆல்பர்ட் படிக்கவில்லை. தாள் ஒட்டியிருந்த ஓரத்தைக் கட்டை விரலால் தடவிப் பார்த்தார், தையலைச் சோதிக்கிற மாதிரி.

"ஒட்டு தெரியுதா?" என்று கேட்டேன்.

"தெரியுது சார். பாய் நல்லாத்தான் போட்டுக்கீறாரு. தெரியத்தான் தெரியும்."

அந்த நூல் இன்னும் என் அலமாரியில் இருக்கிறது. சாரதாவின் நோட்டில் சீட்டு திரும்பி வந்ததற்குக் கையெழுத்துப் போட்டேன். அந்தத் திங்கட்கிழமையே என் உத்தரவிலும் கையெழுத்து விழுந்தது. பிறகு முப்பது வருடம் அங்கேயே ஓட்டினேன், நிறைவாகத்தான் ஓட்டினேன். அதில் நான் எழுதிய குறிப்புகள் எத்தனை என்று கணக்கில்லை. அலமாரியைத் திறந்தால் கை தானாகப் போவது அந்த ஒட்டுப் போட்ட பக்கத்துக்குத்தான்.

மறுவாரம் ஆல்பர்ட் கடையைக் காலி செய்துகொண்டிருந்தபோது போய்ப் பார்த்தேன். பலகையைக் கழற்றிச் சுவரில் சாய்த்து வைத்திருந்தார், அடையாற்றுக்கு எடுத்துப் போகப் போகிறாராம். சும்மா பேசிக்கொண்டிருந்துவிட்டு, கையோடு கொண்டுபோன அந்தச் சட்டையை நீட்டினேன். திருப்பித் தைத்த காலரும் இப்போது மடிப்பில் நைய ஆரம்பித்திருந்தது. "ஆல்பர்ட், போவதற்கு முன்னால் இதை இன்னொரு தடவை திருப்பித் தந்துவிடுங்கள்" என்றேன்.

அவர் காலரை வெளிச்சத்தில் பிடித்து இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு என்னிடமே கொடுத்தார்.

"காலரு ஒரு தபாதான் சார் திருப்ப முடியும். இது ஏற்கெனவே திருப்புனது."

புதுச் சட்டைக்கு அளவு கொடுத்துவிட்டு வந்தேன்.